கெமர் நாட்டுக் கிராமங்களில் ஒரு நாள்: உழவர் கவனிக்கத்தக்கவை

கம்போடியா தேசத்தின் வடமேற்கிலுள்ள சியெம் ரியாப் நகருக்கு, அங்கோர் ஆலயங்களைத் தரிசிக்கும் பொருட்டு உலகின் பல பாகங்களிலிருந்தும் பிரயாணிகள் வந்தவண்ணம் இருக்கின்றனர். நம் நாட்டிலிருந்தும் பலர் செல்கின்றனர். அவர்களிற் பெரும்பாலோர் அங்கோர் வாட் கோபுரங்களுக்குப் பின்னே சூரியன் உதிப்பதைக் கண்டு, மூன்று நான்கு ஆலயங்களைச் சுற்றி, மாலையில் விடுதிக்குத் திரும்பிவிடுகின்றனர். நிலத்தை நம்பி வாழும் ஒருவர் அவ்வளவு தூரம் சென்று கல்லை மட்டும் பார்த்துத் திரும்புவது வீண் செலவென்றே கூறவேண்டும். அக்கற்களை எடுத்து அடுக்கிய மக்களுக்கு உணவளித்த நெல் எங்கே விளைந்தது, அதற்கு நீர் எங்கிருந்து வந்தது, அந்நீர் பின்பு என்னவாயிற்று என்பவற்றை அறிய விரும்புவோர், உள்ளூர் வழிகாட்டி ஒருவரை அமர்த்திக்கொண்டு ஒரு முழு நாளைக் கிராமங்களிற் கழித்தல் வேண்டும். அவ்வாறு செல்வோர் எவற்றைக் கவனிக்கலாம் என்பதை இக்கட்டுரையில் கூறுவோம்.

கம்போடியாவின் பெருங்குடி மக்கள் கெமர் எனப்படுவர். அவர்களுடைய எழுத்து பல்லவர் காலத்து எழுத்தினின்று தோன்றியது. பண்டைய அரசர்களின் பெயர்களும் பல்லவ அரசர்களின் பெயர்களைப் போன்றே ‘வர்மன்’ என்று முடிவன. வருஷப் பிறப்பையும் நம்மைப் போல ஏப்ரல் மாத நடுவிற் கொண்டாடுகின்றனர். கிராமத்திற்கு அவர்கள் வழங்கும் ‘பூம்’ என்னும் பெயர் பூமி என்பதன் திரிபு. மாகாணத்திற்கு வழங்கும் ‘கேத்’ என்பது க்ஷேத்திரம் என்பதன் திரிபு. கிராமத் தலைவரை ‘மே பூம்’ என்பர். வழிகாட்டியிடம் இச்சொற்களை ஓரிருமுறை உச்சரித்துக் காட்டினால், பேச்சு எளிதில் தொடங்கும்.

காலையில் முதலாவதாக அங்கோர் தோம் கோட்டையினுள்ளிருக்கும் பாயோன் ஆலயத்திற்குச் செல்லலாம். ஏழாம் ஜயவர்மன் காலத்தில், 12-ஆம் நூற்றாண்டின் இறுதியிலும் 13-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலுமாக எழுந்த இவ்வாலயத்தின் வெளிப்பிராகாரச் சுவர்களில் தேவர்களும் போர்களும் மட்டுமல்லாமல் சாதாரணக் குடிகளின் வாழ்க்கையும் செதுக்கப்பட்டுள்ளது. சந்தையில் அமர்ந்து பண்டம் விற்கும் பெண்கள், சேவற்போர், வலைவீசி மீன் பிடித்தல், சோறு சமைத்தல், மாட்டுவண்டிகள் ஆகிய யாவும் அங்கே உள்ளன. 1296-ஆம் ஆண்டில் இங்கு வந்து ஏறத்தாழ ஓராண்டு தங்கிய சௌ தகுவான் என்னும் சீனத் தூதரும், வியாபாரம் பெண்கள் கையிலேயே இருந்ததென்று எழுதியுள்ளார். ஆண்டில் மூன்று நான்கு போகம் விளையக்கூடிய நாடு என்றும் அவர் குறித்திருக்கிறார். இக்குறிப்பை மனத்தில் வைத்துக்கொண்டே மேற்செல்ல வேண்டும். ஏனெனில், இன்று அதே பூமியிலுள்ள மானாவாரி வயல்களிற் பெரும்பாலானவை ஒரு போகமே விளைகின்றன.

அங்கோர் தோமின் கிழக்கு வாயிலைக் கடந்து சற்றுத் தூரம் சென்றால் ‘ஸ்பியன் த்மா’ என்னும் பழைய கற்பாலம் ஒன்று உண்டு. ஆலயமல்லாததால் பிரயாணிகள் வண்டியை நிறுத்துவதில்லை. வழிகாட்டியிடம் சொல்லி நிறுத்தச்செய்ய வேண்டும். பாலத்தின் கண்கள் வறண்டு, மரவேர்கள் படர்ந்து நிற்கின்றன. ஆறோ பாலத்தை விட்டு விலகிப் பக்கத்திற் பாய்கின்றது. அதுவும் பாலத்தின் அடித்தளத்திற்கு மிகவும் கீழே, ஆழமாக அரித்த கரைகளுக்கு நடுவே பாய்கின்றது. ஆற்றின் படுகை இவ்வளவு தாழ்ந்துவிட்டால், அதிலிருந்து தலைமதகு வழியாக மேட்டிலுள்ள ஏரிக்கு நீர் ஏறுமா என்பதை நம் வாசகர்களுக்கு விளக்கவேண்டியதில்லை. அங்கோர் நகரின் கதை முழுவதும் அவ்விடத்தில் நின்று பார்ப்பவனுக்கு விளங்கிவிடும்.

அக்கதை வருமாறு. 802-ஆம் ஆண்டில் இரண்டாம் ஜயவர்மன் குலேன் மலைமீது முடிசூடினான். அம்மலையிலிருந்து இறங்கும் சிற்றாறுகளைத் திருப்பி, சமவெளியில் நீரைத் தேக்குவதே அவனுக்குப் பின்வந்த அரசர்களின் பெருந்தொழிலாயிற்று. 877-இல் முதலாம் இந்திரவர்மன் ‘இந்திரதடாகம்’ என்னும் ஏரியைத் தொடங்கினான்; அதன் நீளம் சுமார் 2½ மைல், அகலம் ½ மைல். அவன் மகன் யசோவர்மன் வெட்டுவித்த ‘யசோதரதடாகம்’ சுமார் 4¾ மைல் நீளமும் 1 மைலுக்குச் சற்று அதிகமான அகலமும் உடையது. இதனை இப்போது கிழக்கு பாராய் என்பர். பாராய் என்றால் ஏரி. 11-ஆம் நூற்றாண்டில் அமைந்த மேற்கு பாராய் இதனினும் பெரிது. வெட்டுவித்தான் என்று எழுதினோமாயினும், உண்மையில் இவை பூமியைத் தோண்டி அமைத்த குளங்கள் அல்ல. நாற்புறமும் மண்கரை எழுப்பி, தரைமட்டத்திற்கு மேலே நீரை நிறுத்தினர். ஆகவே மதகைத் திறந்தவுடன் ஏற்றமும் இறைப்பும் இன்றிப் பள்ளத்து வயல்களுக்கு நீர் தானே பாயும். இவ்வேரிகள் பாசனத்திற்காகவா அல்லது மேரு மலையைச் சூழ்ந்த கடலின் அடையாளமாகவா அமைக்கப்பட்டன என்று வித்துவான்கள் நெடுங்காலம் வாதித்திருக்கின்றனர். கோயிற் குளமும் பாசன ஏரியும் ஒன்றாகவே இருக்கக்கூடும் என்பதை நேரில் அறிந்த நம்மவர்களுக்கு அவ்வாதம் சற்று விநோதமாகவே தோன்றும்.

14-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலும், பின்பு 15-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் கடும் பஞ்சங்களும், அவற்றினிடையே அளவுகடந்த பெருமழைகளும் நேர்ந்தன. வியட்நாம் மலைக்காடுகளிலுள்ள பழைய மரங்களின் ஆண்டு வளையங்களை ஆராய்ந்தோர் இதனைக் கண்டறிந்து 2010-இல் வெளியிட்டனர். வறட்சிக் காலத்தில் வரத்துக்கால்கள் நீரின்றிக் கிடந்தன. திடீர் வெள்ளம் வந்தபோது கரைகள் உடைந்தன, கால்வாய்களில் மணல் தூர்ந்தது, ஆறு தன் போக்கில் ஆழ அரித்துக்கொண்டு போயிற்று. தலைநகர் தெற்கே பெயர்ந்தமைக்குப் போர், வாணிபம் முதலிய வேறு காரணங்களும் உண்டு. எனினும், நூற்றுக்கணக்கான மைல் நீளமுள்ள கால்களும் கரைகளும் ஒன்றையொன்று நம்பியிருந்தமையால், ஓரிடத்து உடைப்பைச் சீர்செய்ய ஆளில்லாதபோது ஏற்பாடு முழுவதும் பழுதாயிற்று என்பது ஆராய்ச்சியாளர் பலர் கொள்ளும் முடிபு.

கிழக்கு பாராய் இன்று முற்றும் வறண்டு, அதன் உட்பரப்பு நெல் வயலாக இருக்கின்றது. அதன் நடுவில் 10-ஆம் நூற்றாண்டில் இராஜேந்திரவர்மன் எழுப்பிய கிழக்கு மெபோன் ஆலயம் உண்டு. அக்காலத்தில் அதனைப் படகேறியே அடையவேண்டும். படகுத்துறைகள் இன்றும் இருக்கின்றன. இறங்கினால் காலில் படுவது நீரன்று, புல்தரை. மேற்கு பாராயில் மட்டும் நீர் நிற்கின்றது. இருபதாம் நூற்றாண்டில் அதற்கு மதகு அமைத்தமையால், தெற்கிலுள்ள வயல்களுக்கு அந்நீர் பாய்ந்து வருகின்றது. ஏழாம் ஜயவர்மனின் ‘ஜயதடாகம்’ பல நூற்றாண்டுகள் வறண்டு கிடந்தபின், பழைய கால்களைத் தூர்வாரிச் செப்பனிட்டதன் பயனாக 2000-களின் பிற்பகுதியில் மீண்டும் நிரம்பியது. பழைய வழியைத் திறந்துவிட்டால் எண்ணூறு ஆண்டுக்கு முந்திய ஏரியும் நீரை ஏற்கும் என்பதற்கு இதனைவிடச் சான்று வேண்டுமோ?

நண்பகலில் கிழக்கு பாராயை அடுத்துள்ள ப்ரேயா டாக் முதலிய கிராமங்களில் ஏதேனும் ஒரு வீட்டில் உணவருந்த வழிகாட்டியைக் கொண்டு முன்னதாகவே ஏற்பாடு செய்துகொள்ளலாம். ‘நும் பாஞ்சொக்’ என்னும் அரிசிச் சேவை அவ்வூரில் பெயர்பெற்றது. பச்சை நிறமான மீன் குழம்பை அதன்மேல் ஊற்றிப் பச்சிலைகளும் வாழைப்பூவும் சேர்த்துண்பர். மரக்கறி உண்போர் முன்கூட்டியே சொல்லுதல் அவசியம். மீனைப் புளிக்கவைத்துச் செய்யும் ‘ப்ரஹோக்’ என்பது அவர்கள் சமையலில் உப்பைப்போல எங்கும் கலந்திருக்கும்.

வீடுகள் மரத்தூண்களின்மேல் ஆளுயரத்திற்கும் அதிகமாகத் தூக்கிக் கட்டப்பட்டவை. படியின் அடியில் மிதியடியைக் கழற்றிவிட்டே ஏறவேண்டும். வீட்டின் கீழுள்ள நிழலிலே மாடு கட்டும் இடம், தறி, நெல் குத்தும் உரல், பகலில் இளைப்பாறும் தூளி ஆகிய யாவும் அடங்கும். கூரையிலிருந்து வடியும் மழைநீரைப் பிடிக்கும் பெருஞ்சாடிகள் வாயிலில் வரிசையாக நிற்கும். வீட்டின் அருகே தோண்டிய சிறு குட்டை கோடையில் மாட்டிற்கும் கொல்லைப் பயிருக்கும் உதவும். ஊர் எல்லையில், மரத்தடியில், ‘நியக் தா’ எனப்படும் காவல் தெய்வத்திற்குச் சிறு கோயில் இருக்கும். பௌத்த விஹாரையே கிராமத்தின் நடு. பள்ளியும் கூட்டமும் திருவிழாவும் பெரும்பாலும் அதன் வளாகத்தைச் சார்ந்தே நடைபெறுகின்றன.

வயலைப் பார்ப்போம். இப்பகுதி நிலம் பெரும்பாலும் மணற்பாங்கானது. மழை மே மாதத்தில் தொடங்கி அக்டோபர் வரை சுமார் 55 அங்குலம் பெய்கின்றது. ஆனால் நடுவில், ஜூலை ஆகஸ்டு மாதங்களில், சில வாரம் காய்ச்சல் விழுவது வழக்கம். நாற்று நட்டபின் அக்காய்ச்சல் வந்தால் குட்டையிலிருந்து இறைக்க வசதியுள்ளோர் பிழைப்பர். மற்றோர் வானத்தைப் பார்த்திருப்பர். பாராய் நிறைந்திருந்த நாளில் அக்குறையை மதகு தீர்த்திருக்கும் என்ற எண்ணம் வறண்ட ஏரியின் நடுவே நிற்கும் எவருக்கும் தோன்றாமற்போகாது. எருமையும் எருதும் பூட்டிய ஏர் குறைந்து, இரு சக்கரக் கையுழு இயந்திரம் எங்கும் பரவியுள்ளது. இதற்கு அவர்கள் இட்ட பெயர் ‘கோ யுன்’, அதாவது இயந்திர எருது. இளைஞர் பலர் நகரங்களுக்கும் தாய்லாந்திற்கும் கூலிக்குப் போய்விடுவதால் நடவுக்கு ஆள் கிடைப்பது அரிதாகி, நேர்விதைப்பு மிகுந்துள்ளது. சில சுற்றுலாக்களில் பிரயாணிகளைச் சேற்றில் இறக்கி நாற்று நடச் செய்வதுண்டு. நகரத்தார் நட்ட நாற்றை வீட்டார் பின்பு எடுத்து மறுபடி நடவேண்டியிருக்கும். நம் வாசகர்கள் இறங்கினால் அத்தொல்லை நேராது என நம்புகிறோம்.

விதையைப்பற்றி வழிகாட்டியிடம் அவசியம் கேட்கவேண்டும். 1975-ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் 1979 ஜனவரி வரை ஆண்ட கெமர் ரூஷ் ஆட்சியில், நகரத்தாரையும் கிராமத்தாரையும் கூட்டுப் பண்ணைகளில் அடைத்து, ஹெக்டேருக்கு 3 டன் நெல் எடுக்குமாறு கட்டளையிட்டனர். சுமார் 17 இலட்சம் மக்கள் பசியாலும் நோயாலும் கொலையாலும் மாண்டனர். தலைமுறை தலைமுறையாகக் குடிகள் தத்தம் மேட்டிற்கும் பள்ளத்திற்கும் ஏற்பத் தெரிந்து காத்துவந்த நெல் இனங்கள், விதைத்தவர் இறந்தும் இடம்பெயர்ந்தும் போனமையாலும், பசிக்கொடுமையில் விதைநெல்லையே உண்ண நேர்ந்தமையாலும், பல இடங்களில் அற்றுப்போயின. நல்லூழாக, போருக்கு முன் 1970-களின் தொடக்கத்தில் பிலிப்பைன்ஸ் தேசத்திலுள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிலையத்தார் கம்போடிய நெல் இனங்களைச் சேகரித்துக் குளிர் அறையில் வைத்திருந்தனர். 1980-களில் அவ்விதைகளில் 700-க்கு மேற்பட்ட இனங்கள் தாய்நாட்டிற்குத் திரும்பின. இழந்த பயிரைப் பெற்ற குடிகளின் நிலையை எண்ணிப் பார்க்குமிடத்து, விதைக்கோட்டை என்பது தானியக் களஞ்சியத்தினும் பெரிது என்பது விளங்கும்.

1999-இல் வெளியிடப்பட்ட ‘பூக்கா ரும்துவோல்’ என்னும் வாசனை நெல் உள்நாட்டு இனத்தினின்று தெரிந்தெடுக்கப்பட்டது. எப்போது விதைத்தாலும், பகற்பொழுது குறுகும் அக்டோபர் இறுதியிலேயே கதிர்விடும் இயல்புடையது. மழை முன்பின்னாக வரும் மானாவாரி நிலத்திற்கு இது பெரிய அனுகூலம். நாற்று மூப்படைந்து நட்டாலும் அறுவடை மழை ஓய்ந்த பின்னரே நேரும். கம்போடிய வாசனை அரிசி 2012 முதல் மூன்று ஆண்டுகளும், மீண்டும் 2018-இலும் 2022-இலும் உலக அரிசி மாநாட்டுப் போட்டியில் முதற்பரிசு பெற்றது.

வயல் வரப்புகளில் நெடிதாக நிற்பவை நம் பனைமரங்களே. இனமும் அதுவே, வேறன்று. அவர்கள் ‘த்நோட்’ என்பர். 2005-இல் அதனைத் தேசிய மரமாகப் பிரகடனம் செய்துள்ளனர். ப்ரேயா டாக் சாலையோரத்தில் டிசம்பர் முதல் மே வரை பனஞ்சாறு காய்ச்சும் அடுப்புகளைக் காணலாம். நம் நாட்டிற் பனையேறுவோர் காலில் தளைநார் பூட்டி மரத்தைத் தழுவி ஏறுவர். அவர்களோ கணுக்களில் கிளை நறுக்கிய மூங்கில் ஒன்றை மரத்தோடு சேர்த்துக் கட்டி ஏணியாக்கிக்கொள்வர். பாளையை மர இடுக்கியால் நாள்தோறும் நசுக்கிப் பதப்படுத்தி, நுனியைச் சீவி, மூங்கிற் குழாயை மாட்டுவர். புளிக்காமலிருக்க நாம் கலயத்தில் சுண்ணாம்பு தடவுகிறோம்; அவர்கள் ‘போபெல்’ என்னும் மரத்தின் சிராய்களைக் குழாயினுள் இடுவர். காலையும் மாலையும் இறக்கிய சாற்றை அகன்ற இருப்புச் சட்டியில் காய்ச்சி, பதம் வந்ததும் துடுப்பால் அடித்து, பனையோலை வளையங்களில் வார்த்துச் சிறு வில்லைகளாக்கி, ஓலையிலேயே பொதிந்து விற்கின்றனர். நிறம் நம் கருப்பட்டியைவிட வெளிறியது. தெற்கிலுள்ள கம்போங் ஸ்பெயு மாகாணத்துப் பனஞ்சர்க்கரைக்கு 2010-இல் இடப்பெயர்ப் பாதுகாப்பு அளிக்கப்பட்டது. ஆயினும் விறகுச் செலவு மிகுதி. உயரத்திலிருந்து விழுந்து கை கால் இழப்போரும் உண்டு. ஏறக்கூடிய இளைஞர் அருகி வருகின்றனர். இத்துன்பத்தை நம் தென்பகுதி உழவர்களுக்கு எடுத்துரைக்க வேண்டியதில்லை. சாலையோரக் கடையில் ஒரு கட்டு வாங்குவது, அவ்வீட்டிற்குப் புகைப்படக் கூலி கொடுப்பதைவிட மேலானது.

கிராம அதிகாரிகள் கேட்டறியவேண்டிய விஷயம் ஒன்றுண்டு. கெமர் ரூஷ் ஆட்சியினர் தனிச்சொத்தையும் நாணயத்தையும் ஒழித்ததோடு நிலப் பதிவேடுகளையும் அழித்தனர். அதன்பின் 1980-களில் குடும்பங்கள் கூட்டுக் குழுக்களாக உழுதன. 1989-இல் தனி அனுபோகம் மீண்டும் ஒப்புக்கொள்ளப்பட்டது. 2001-இல் புதிய நிலச்சட்டம் வந்தது. அதாவது, ஒரு தேசம் முழுவதும் எல்லைக்கல், அடங்கல், பட்டா ஆகிய யாவற்றையும் புதிதாகத் தொடங்கவேண்டி நேர்ந்தது. அவ்வாறு அரிதிற் பெற்ற பட்டாவையே குறுங்கடன் நிறுவனங்களில் ஈடுவைத்துவிட்டுத் தவிக்கும் குடும்பங்களும் பல. அங்கோர் வட்டாரத்தில் இதற்குமேல் இன்னொரு சங்கடமும் சேர்ந்துள்ளது. 1992-இல் யுனெஸ்கோ பட்டியலிற் சேர்ந்த இப்பகுதியினுள் நூற்றுக்கு மேற்பட்ட கிராமங்கள் இருக்கின்றன. 2022 முதல் சுமார் 10,000 குடும்பங்களை ரூன் தா ஏக் முதலிய குடியிருப்புகளுக்கு மாற்றும் ஏற்பாடு தொடங்கப்பட்டது. பழைய ஊர்களிலிருந்தோர் அல்லர், பின்னர் வந்து குடிசை போட்டோரே அகற்றப்படுகின்றனர் என்றும், அவர்களும் தாமாக இசைந்தே செல்கின்றனர் என்றும் சர்க்கார் கூறுகின்றது. 2023-இல் அறிக்கை வெளியிட்ட அம்னெஸ்டி இன்டர்நேஷனல் ஸ்தாபனம் வற்புறுத்தல் நடந்ததாகக் கூறுகின்றது. மனைக்கட்டு அளித்தாலும் பிழைப்பிற்கு வழி அருகில் இல்லையேல் குடி நிலைப்பது அரிது என்பதைக் குடியேற்ற வேலை பார்த்த எவரும் அறிவர். பார்வையாளர்களின் பணம் வரும் இடத்திலேயே இவ்வழக்கு நடப்பதால், கிராமம் பார்க்கச் செல்வோர் இதனை அறியாமற் செல்லுதல் தகாது.

பிற்பகலில் தென்கிழக்கே ரொலுவோஸ் வழியாகச் சென்று, இந்திரதடாகத்தின் நடுவே இருந்த லோலெய் ஆலயத்தைப் பார்த்து, தோன்லே சாப் ஏரிக்கரையிலுள்ள கம்போங் ப்லுக் கிராமத்தில் படகேறலாம். இவ்வேரியைப் போன்றது உலகில் அரிது. கோடையில் இதன் நீர் ஒரு சிற்றாறு வழியே மேகோங் நதிக்கு வடியும். மழைக்காலத்தில் மேகோங் பெருகி அதே சிற்றாற்றைப் பின்னோக்கித் தள்ள, ஏரி தன் கோடைப் பரப்பைப்போல் நான்கைந்து மடங்கு விரியும். வெள்ளத்தோடு உயர்ந்து வளரும் மிதவை நெல்லும், வெள்ளம் வடிய வடிய நடும் நெல்லும் இவ்விளிம்பிற் பழைய சாகுபடிகள். வீடுகள் இருபது முப்பது அடி உயரத் தூண்களின்மேல் நிற்கின்றன. 2019-லும் 2020-லும் மழைக்குறைவாலும் மேலே கட்டப்பட்ட அணைகளாலும் நீர் திரும்புதல் காலந்தாழ்ந்து, மீன் வரத்து மிகவும் குறைந்தது. படகோட்டியிடம் கேட்டால், தூணில் அவ்வவ்வாண்டு நீர் ஏறிய கோட்டைக் கையால் தொட்டுக் காட்டுவார்.

செலவு முதலியவற்றைச் சுருக்கமாகக் கூறுவோம். அங்கோர் ஆலயங்களுக்கு ஒரு நாள் அனுமதிச் சீட்டு 2017 முதல் 37 அமெரிக்க டாலர். ஆலய வளாகத்தினுள் உரிமம் பெற்ற வழிகாட்டியையே அமர்த்தவேண்டும். டாலரும் ரியெல் நாணயமும் செல்லும். ஒரு டாலருக்குச் சுமார் 4,000 ரியெல். பகலுணவு அளிக்கும் வீட்டிற்கும் பனைச்சர்க்கரை காய்ச்சுவோருக்கும் எவ்வளவு போய்ச்சேரும் என்பதைப் புறப்படுமுன்பே வழிகாட்டியிடம் கேட்டுவிடுவது மரியாதைக் குறைவன்று. சிறுவர்களுக்குக் காசும் மிட்டாயும் கொடுத்துப் பழக்குதல் கூடாது. பள்ளியை விட்டுச் சாலைக்கு வந்துவிடுவர். அநாதை விடுதிகளைக் காட்டுவதாக எவரேனும் அழைத்தால் மறுத்துவிடுக. வழியல்லாத வழியில் காட்டினுள் நடத்தல் எக்காலத்தும் ஆகாது. போர்க்காலத்திற் புதைத்த கண்ணிவெடிகள் சில பகுதிகளில் இன்னும் எஞ்சியுள்ளன.

பருவத்தைப் பற்றி: நடவு பார்க்க விரும்புவோர் ஜூலை ஆகஸ்டிலும், ஏரியின் முழு வெள்ளத்தைக் காண விரும்புவோர் அக்டோபரிலும் செல்லலாம். அறுவடையையும் பனைச்சர்க்கரை அடுப்பையும் ஒரே நாளிற் காணவேண்டுமாயின் டிசம்பர் மாதத்தின் முதற்பாதியே தகுந்தது. அப்போது வெயிலும் கடுமையாயிராது, கம்போங் ப்லுக் வரை படகு செல்லவும் நீர் இருக்கும்.